வேலை போன பிறகு பெயர் கிடைத்த நாய்

பிரான்சில் பாரீசுக்குத் தென்மேற்கே போஸ் என்றொரு சமவெளி இருக்கிறது. நாங்கள் படித்த காலத்தில் பூகோள வாத்தியார் கரும்பலகையில் பிரான்சின் வரைபடத்தைப் போட்டு, அந்த இடத்தில் ஒரு வட்டம் வரைந்து, இதுதான் பிரான்சின் பத்தாயம் என்பார். புதுச்சேரியில் உட்கார்ந்துகொண்டு, கண்ணால் பார்த்திராத கோதுமை வயலைப் பற்றிப் பரீட்சை எழுதினோம். அந்தப் போஸ் சமவெளிக்குச் சொந்தமாக ஒரு நாய் இனம் உண்டு என்பதை எந்த வாத்தியாரும் சொல்லித் தரவில்லை. எழுபது வயதைத் தாண்டிய பிறகு, அந்த நாயோடு மூன்று மாதம் ஒரே வீட்டில் இருந்து நானே தெரிந்துகொண்டேன்.

அதன் பெயர் 'பெர்ஜே தெ போஸ்'. போஸ் நாட்டு ஆட்டு நாய் என்று பொருள். பேச்சு வழக்கில் போசெரோன் என்பார்கள். ஆண் நாய் தோள் வரை 65 முதல் 70 சென்டிமீட்டர் உயரம் இருக்கும். பெண் நாய் சற்றுக் குறைவு. உடம்பு கறுப்பு, கால்கள் மட்டும் செம்பழுப்பு. சிவப்புக் காலுறை மாட்டியது போல இருப்பதால் 'பா ரூஜ்' என்று செல்லப் பெயரும் உண்டு. பின்னங்கால் ஒவ்வொன்றிலும் உள்பக்கமாக இரண்டு உபரி விரல்கள் இருக்கும். ஆட்டு நாய் என்றால் அந்த இரட்டை விரல் இருந்தாக வேண்டும் என்பது அந்த ஊர் இடையர்களின் பழைய நம்பிக்கை. இன்றைக்கும் இனத்தின் அடையாளமாக அதை வைத்திருக்கிறார்கள்.

2019-ஆம் ஆண்டு மே மாதம் என் தம்பி வீட்டுக்குப் போயிருந்தேன். பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து ஓய்வு பெற்றவன். நம் ஊரில் இப்படிப்பட்ட குடும்பங்கள் எத்தனையோ உண்டு; வாசகர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. ஷார்த்ர் நகரத்துக்குப் பக்கத்தில் மகள், மாப்பிள்ளை, இரண்டு பேரப் பிள்ளைகளோடு இருக்கிறான். பிள்ளைகள் கேட்டார்கள் என்று மாப்பிள்ளை ஒரு போசெரோன் பெண் குட்டியை வாங்கியிருந்தார். பெயர் ஒலிவ். பிரான்சில் வம்சாவளிப் பதிவு உள்ள நாய்களுக்கு, பிறந்த வருடத்துக்கு உரிய எழுத்தில்தான் பெயர் தொடங்க வேண்டும் என்று ஒரு முறை இருக்கிறது. 2018-க்கு 'ஓ'. பெயரைக் கேட்டாலே வயதைச் சொல்லிவிடலாம். பல வருடம் கோப்புகளுக்கு எண் போட்டுக்கொண்டிருந்த எனக்கு அந்த ஏற்பாடு ரொம்பவும் பிடித்துப் போயிற்று.

ஆனால் நான் போய்ச் சேர்ந்தபோது வீட்டில் ஒலிவ் பேரைச் சொன்னாலே சண்டை. ஒரு வயது முடிந்திருந்தது. முப்பது கிலோவுக்கு மேல் எடை. கதவின் அடிப்பாகத்தைக் கடித்துப் பிய்த்திருந்தது. பிள்ளைகள் தோட்டத்தில் ஓடினால் குறுக்கே புகுந்து, இடித்து, ஒரு மூலையில் இரண்டு பேரையும் சேர்த்து நிறுத்திவிட்டு முன்னால் நிற்கும். சின்னவன் அழுவான். எல்லாவற்றுக்கும் மேல், வேலி ஓரமாக இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை ஓடுவதும் திரும்புவதுமாக நாள் முழுக்க ஒரே வேலை.

"பெரியப்பா, இதுக்குப் பைத்தியம்தான் பிடிச்சிருக்கு. நீங்களே வந்து பாருங்க, அது ஓடுற இடத்துல புல்லே முளைக்கல" என்று தம்பி மகள் என்னைக் கூட்டிப் போய்க் காட்டினாள். உண்மைதான். வேலியை ஒட்டி ஒரு முழ அகலத்துக்கு ஒற்றையடிப் பாதை விழுந்திருந்தது, கோடு போட்டது போல.

கோடை விடுமுறைக்கு முன்னால் நாயைக் காப்பகத்தில் விட்டுவிடுவதென்று மாப்பிள்ளை முடிவெடுத்திருந்தார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். காலையில் வேலைக்குப் போய் இரவு வருகிறவர். தம்பிக்குத்தான் மனசு கேட்கவில்லை. ஆனால் மாப்பிள்ளை முடிவில் தலையிட அவனுக்குச் சங்கடம்.

எனக்கு அங்கே பகலில் வேலை எதுவும் கிடையாது. நாயைப் பார்த்துக்கொண்டிருந்தேன்; மற்ற நேரம் நகர நூலகத்தில் படித்தேன். ஷார்த்ரில் பழைய ரயில் என்ஜின் கொட்டகை ஒன்றில் வேளாண்மை அருங்காட்சியகம் வைத்திருக்கிறார்கள்; அங்கேயும் போனேன். பள்ளியில் கற்ற பிரெஞ்சு அன்றைக்குச் சோறு போட்டது. படித்ததில் முக்கியமானதை இங்கே சொல்கிறேன்.

போஸ் சமவெளியில் வேலி கிடையாது. மேடு பள்ளம் இல்லை, மரவரிசையும் அதிகம் இல்லை. ஒருவர் நிலம் எங்கே முடிகிறது, அடுத்தவர் நிலம் எங்கே தொடங்குகிறது என்பதை உழவு சாலைப் பார்த்துத்தான் சொல்ல முடியும். அறுவடை முடிந்ததும் தாள் நிற்கும் நிலத்தில் ஊரார் ஆடுகள் மேயலாம் என்பது பழைய வழக்கம். 'வேன் பாத்யூர்' என்று அதற்குப் பெயர். புரட்சிக்குப் பிறகு 1791-இல் போட்ட கிராமச் சட்டம்கூட அந்த உரிமையை அடியோடு எடுத்துவிடவில்லை, நிபந்தனைகளோடு விட்டுவைத்தது. தரிசு, அறுத்த நிலம், பாதை ஓரம் என்று ஆடுகள் மேயும் இடமெல்லாம் நீள நீளமான துண்டுகள். பக்கத்திலேயே அடுத்தவரின் பச்சைப் பயிர்.

இருநூறு, முந்நூறு ஆடுகளை அப்படி ஒரு துண்டில் மேய்ப்பது எப்படி? ஆட்டுக்குச் சட்டம் தெரியாது. அங்கேதான் நாய் வருகிறது. இடையர் ஒரு பக்கம் நிற்பார். நாய் பயிரை ஒட்டிய வரப்பில் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை நடந்துகொண்டே இருக்கும். ஆடு தலையை நீட்டினால் உள்ளே தள்ளும். சூரியன் உதித்ததிலிருந்து அடையும்வரை அதுதான் வேலை. பெரிய மந்தைக்கு இரண்டு நாய்கள், இரண்டு பக்கத்துக்கும். நாய்தான் வேலி, நடக்கிற வேலி. ஆங்கிலேய நாட்டுக் கோலி நாய் தூரத்தில் வளைந்து ஓடி, பதுங்கி, கண்ணால் முறைத்து ஆட்டைக் கொண்டுவந்து சேர்க்கும். போஸ் நாயின் வேலை வேறு. எல்லையில் நிற்பது, எல்லையைக் காப்பது.

இன்னொரு செய்தி நம் ஊர்க்காரர்களுக்குச் சுவையாக இருக்கும். இரவில் ஆடுகளை வயலிலேயே தட்டிகளால் அடைத்துப் பட்டி போடுவார்கள். மறுநாள் தட்டிகளைப் பெயர்த்துப் பக்கத்தில் போடுவார்கள். புழுக்கையும் மூத்திரமும் நிலத்துக்கு எரு. பாகூர்ப் பக்கத்திலும் விழுப்புரம் பக்கத்திலும் கிடை போடுவது என்கிறோமே, அதேதான். அங்கே இடையர் படுக்கச் சக்கரம் வைத்த சின்ன மரக் குடில் ஒன்று பட்டிக்குப் பக்கத்தில் நிற்கும். நாய் அதன் அடியில் படுத்துக்கொள்ளும்.

படித்தவர்களும் இந்த நாயைக் கவனிக்காமல் இல்லை. நாங்கள் திக்தே எழுதிய பாடங்களில் அடிக்கடி வரும் பியூஃபோன், 1755-இல் வெளியிட்ட இயற்கை வரலாற்றுத் தொகுதியில், எல்லா நாய் இனங்களுக்கும் மூலம் ஆட்டு நாய்தான் என்று ஒரு வம்ச மரமே போட்டிருக்கிறார். இன்றைய அறிவியல் அதை ஒப்புக்கொள்ளாது. ஆனாலும் மன்னரின் வேட்டை நாய்களை விட்டுவிட்டு இடையனின் நாயை அடிமரத்தில் வைத்தது பெரிய விஷயம்தான். அவரோடு வேலை பார்த்த தொபாந்தோன் இன்னும் ஒரு படி மேலே போய், தன் சொந்த ஊரில் ஆட்டு மந்தை வளர்த்து ஆராய்ந்து, 1782-இல் இடையர்களுக்காகக் கேள்வி பதில் வடிவில் ஒரு புத்தகம் எழுதினார். நாயைப் பற்றியும் அதில் எழுதியிருக்கிறார். புரட்சிக் காலத்தில் உயிர் பிழைக்க வேண்டுமென்றால் நற்குடிமகன் சான்றிதழ் வேண்டும். அரண்மனைத் தொடர்புள்ள விஞ்ஞானி என்று சொன்னால் ஆபத்து. ஆகவே அவருக்கு 'இடையர் தொபாந்தோன்' என்று எழுதிச் சான்றிதழ் கொடுத்தார்களாம். எந்தக் குமாஸ்தா எழுதினாரோ, கை வாழ்க!

1786-இல் 16-ஆம் லூயி மன்னர் ஸ்பெயினிலிருந்து மெரினோ ஆடுகளை வரவழைத்து, போஸ் பக்கத்திலேயே இருக்கும் ராம்பூயேயில் பண்ணை வைத்தார். அதன் பிறகு கம்பளிக்காகவே ஆடு வளர்ப்பது பெருகிற்று. 19-ஆம் நூற்றாண்டின் நடுவில் பிரான்சில் மூன்று கோடிக்கு மேல் ஆடுகள் இருந்தன. போஸ் விவசாயிக்கு ஆடு எவ்வளவு முக்கியம் என்பதற்கு ஒரு சான்று சொல்கிறேன். அங்கே சில வயல்களில் மேய்ந்த ஆடுகள் திடீர் திடீரென்று செத்து விழுந்தன. சாபம் பிடித்த வயல் என்று ஒதுக்கி வைத்தார்கள். 1878-இல் லூயி பஸ்தேர் ஷார்த்ர் பக்கத்துக்கு வந்து ஆராய்ந்தார். அடைப்பான் நோயில் செத்த ஆடுகளைப் புதைத்த இடத்தில் கிருமி மண்ணிலேயே தங்கியிருந்து, மறுபடி மேலே வருகிறது என்று கண்டுபிடித்தார். 1881-இல் அதற்குத் தடுப்பூசி போட்டு ஊரறியச் சோதனை செய்தது, பாரீசுக்குக் கிழக்கே உள்ள பிரி நாட்டில். அந்தப் பிரி நாட்டின் பெயரிலும் ஒரு ஆட்டு நாய் உண்டு; போஸ் நாய்க்கு உறவு, நீண்ட சடை முடி உடையது.

பஸ்தேர் ஆட்டைக் காப்பாற்றினார். ஆனால் காலம் இடையனைக் காப்பாற்றவில்லை. ஆஸ்திரேலியாவிலிருந்தும் அர்ஜென்டினாவிலிருந்தும் மலிவான கம்பளி கப்பல் கப்பலாக வந்தது. ரசாயன உரம் வந்ததும் கிடைக்கு மதிப்பு குறைந்தது. தரிசு போடுவது நின்றதும் மேய இடம் போயிற்று. மூன்று கோடி ஆடுகள் குறைந்து குறைந்து, இன்றைக்கு முழு நாட்டுக்கும் எழுபது லட்சம் அளவுக்கு வந்துவிட்டன. போஸ் சமவெளியில் நான் பார்த்ததெல்லாம் கோதுமை, மஞ்சள் பூப் பூக்கும் கோல்சா, காற்றாலை. மூன்று மாதத்தில் வயலில் மேயும் ஒரு மந்தையைக்கூட நான் பார்க்கவில்லை.

இங்கேதான் எனக்கு வியப்பான விஷயம் வருகிறது. இந்த நாய்க்கு ஊரறிந்த பெயரும் பதிவும் கிடைத்தது எப்போது தெரியுமா? ஆடு குறையத் தொடங்கிய பிறகுதான். வம்சாவளிப் பதிவேடு பிரான்சில் 1885-இல் ஏற்பட்டது. பிரெஞ்சு ஆட்டு நாய்ச் சங்கம் 1896-இல் தொடங்கியது. பியேர் மெனியேன் என்ற கால்நடை மருத்துவருக்கும் எமானுவேல் பூலே என்பவருக்கும் அந்த முயற்சியில் பெரும் பங்கு உண்டு. மெனியேன் சாதாரண ஆள் இல்லை. பிணத்தில் வரும் பூச்சிகளைக் கொண்டு இறந்த நாளைக் கணிக்கும் முறை பற்றிப் புத்தகம் எழுதியவர். அப்படிப்பட்ட கூர்மையான கண் உள்ளவர்கள் உட்கார்ந்து, முடி நீளமானது பிரி நாய், முடி குட்டையானது போஸ் நாய் என்று பிரித்து, உயரம், நிறம், காது, விரல் எல்லாவற்றையும் எழுதி வைத்தார்கள்.

அதற்கு முன்பு ஆயிரம் வருடம் வேலை பார்த்திருந்தாலும் இடையன் தன் நாயின் நிறத்தைப் பார்த்தவன் இல்லை. வரப்பில் நிற்குமா, ஆட்டைக் கடிக்காமல் தள்ளுமா, சாயங்காலம்வரை தாங்குமா என்றுதான் பார்த்தான். நிற்காத நாய்க்குக் குட்டி எடுக்க மாட்டான். அப்படித் தலைமுறை தலைமுறையாகக் கழித்துக் கழித்து எடுத்ததுதான் அந்த ஓயாத கால். பதிவேட்டில் உயரத்துக்குக் கலம் உண்டு. நிறத்துக்குக் கலம் உண்டு. வேலைக்குக் கலம் இல்லை. ஆனால் காகிதத்தில் எழுதாததை உடம்பு மறந்துவிடுமா?

இரண்டு உலகப் போர்களிலும் இந்த நாய்களுக்கு வேறு வேலை கொடுத்தார்கள். பதுங்குகுழிகளுக்கு இடையே செய்தி கொண்டுபோனது, காவல் நின்றது. நம் கடற்கரைச் சாலைப் போர் நினைவுச் சின்னத்தில் ஒவ்வொரு ஜூலை 14-இலும் மலர் வளையம் வைக்கிறோமே, அந்தச் சின்னத்துக்கு உரியவர்கள் போன அதே முதல் உலகப் போருக்குத்தான் போஸ் நாயும் போனது. பிறகு காவல் துறை, ராணுவம், வீட்டுக் காவல். அதற்கும் பிறகு, நம் மாப்பிள்ளை வாங்கியது போல, பிள்ளைகளுக்குத் துணை.

இதையெல்லாம் படித்துவிட்டு ஒரு நாள் சாயங்காலம் தோட்டத்தில் உட்கார்ந்து அந்தப் புல் முளைக்காத கோட்டைப் பார்த்தேன். இது பைத்தியமே இல்லை, இது வரப்பு. மூலையில் நிறுத்திய பிள்ளைகள் மந்தை. அதற்குத் தெரிந்த உத்தியோகத்தை யாரும் கேட்காமலேயே பார்த்துக்கொண்டிருக்கிறது. சம்பளமாகத் திட்டு வாங்குகிறது.

தம்பியிடம் சொன்னேன். அவன் சிப்பாய், அதிகம் பேச மாட்டான். "அண்ணே, நாளைக்குக் காலையில அஞ்சு மணிக்கு எழுந்திருங்க" என்றான், அவ்வளவுதான்.

மறுநாளிலிருந்து தினமும் காலையில் ஒரு மணி நேரம், மாலையில் ஒரு மணி நேரம் நாங்கள் இருவரும் ஒலிவைக் கூட்டிக்கொண்டு கோதுமை வயல் ஓரமாக வண்டிப் பாதையில் நடந்தோம். பத்து மீட்டர் நீளக் கயிறு. வயல் முனை வந்ததும் உட்காரச் சொல்வது, பிறகு திரும்பச் சொல்வது. ராணுவ முறையில் சுருக்கமான கட்டளை. குரலை உயர்த்துவது கிடையாது. இந்த இனத்துக்கு அடி உதவாது. அடித்தால் முகத்தைத் திருப்பிக்கொள்ளும். முழு வளர்ச்சி அடைய இரண்டு மூன்று வருடம் ஆகும் என்பதால் சின்ன வயதில் எலும்பு நோக ஓட விடவும் கூடாது, நடைதான் நல்லது. தீனி போட்டவுடன் ஓட விட்டால் வயிறு உப்பித் திருகிக்கொள்ளும் அபாயம் பெரிய நாய்களுக்கு உண்டு. ஆகவே நடந்து வந்து, களைப்பு ஆறிய பிறகே தீனி. பின்னங்காலின் உபரி விரல் நகம் தரையில் தேயாது, வளைந்து சதையில் குத்தும். பதினைந்து நாளுக்கு ஒரு முறை பார்த்து வெட்ட வேண்டும். வீட்டுக்குள் சின்னச் சின்ன வேலைகள் கொடுத்தோம். ஒளித்து வைத்த கையுறையைத் தேடி எடுப்பது, கடிதப் பெட்டியிலிருந்து செய்தித்தாளைக் கொண்டுவருவது. மூளைக்கு வேலை கொடுத்தால் கால் அடங்கும் என்பதை அப்போது பார்த்தேன்.

ஜூன் மாதக் கடைசியில், ஆடு வளர்க்கும் ஒருவர் பட்டிக்குத் தம்பி அதை அழைத்துப் போனான். இந்த இனத்துக்கு ஆட்டு இயல்பு இருக்கிறதா என்று சோதிக்கும் தேர்வே அங்கே உண்டு. அதற்கு முன்னோட்டம் மாதிரி. பிறந்ததிலிருந்து ஆட்டையே பார்த்திராத நாய். கயிற்றை அவிழ்த்ததும் ஒரு கணம் நின்றது. குரைக்கவில்லை. பிறகு மந்தையின் ஓரமாகப் போய், இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை நடந்து, திரும்பி, மறுபடி நடந்தது. தலை மட்டும் ஆட்டுப் பக்கம். ஐந்து நிமிடம்தான் விட்டார்கள். வீட்டுக்கு வந்து, தண்ணீர் குடித்துவிட்டு, மாலை முழுக்கத் தூங்கியது. அது பகலில் தூங்கி அன்றுதான் முதலில் பார்த்ததாகத் தம்பி மகள் சொன்னாள்.

காப்பகத்துக்கு எழுதிய விண்ணப்பத்தை மாப்பிள்ளை திரும்பப் பெற்றுக்கொண்டார். தோட்டத்தில் அந்தக் கோடு முழுக்க மறைந்துவிடவில்லை. இப்போதும் மழை நாளில் வெளியே போக முடியாவிட்டால் ஒலிவ் கொஞ்சம் ஓடிப் பார்க்குமாம். ஆனால் கதவு தப்பித்தது. பிள்ளைகளும் நாயிடம் மூலையில் நிற்பதை ஒரு விளையாட்டாக்கிவிட்டார்கள். தம்பிக்குச் சர்க்கரை குறைந்திருக்கிறது. ஓய்வு பெற்ற பிறகு அவன் இவ்வளவு காலையில் எழுந்ததே இல்லை.

இப்போது நம் ஊரிலும் அடுக்குமாடி வீடுகளில் கோலி, ஜெர்மன் ஷெப்பர்டு என்று ஆட்டு நாய்களை ஆசையாக வாங்கிக் கட்டிப் போடுகிறார்கள். இரண்டு வேளை பத்து நிமிடம் தெருவில் இழுத்து வந்தால் போதும் என்று நினைக்கிறார்கள். நாய் குரைக்கிறது, சோபாவைக் கிழிக்கிறது என்று பிறகு புகார். வாங்குவதற்கு முன்னால் விலையையும் நிறத்தையும் கேட்கிறீர்கள். அதன் பாட்டன் பூட்டன் என்ன உத்தியோகம் பார்த்தான் என்று ஒரு கேள்வி கேளுங்கள். அந்த உத்தியோகத்தில் கால் பங்காவது தினமும் கொடுக்க முடியுமா என்று உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள். முடியாதென்றால், நம் தெருவிலேயே பிறந்து, நம் வெயிலுக்குப் பழகி, பகலெல்லாம் திண்ணை நிழலில் படுத்து இரவில் காவல் காக்கும் நாய்கள் இருக்கின்றன. அவற்றில் ஒன்றுக்குச் சோறு போடுங்கள். இரண்டு பேருக்கும் நிம்மதி.